துலும் அரைநாள் பஸ் டூர்: வயசான அப்பா அம்மாவோடு போகலாமா?

பாபநாசத்தான்:

வணக்கம் மக்களே. டிசம்பர் கடைசி வாரம் டாலஸிலிருந்து கான்குன் போகிறோம். ஊரிலிருந்து அப்பா அம்மா வந்திருக்கிறார்கள். அப்பா ரிட்டயர்டு வரலாற்று வாத்தியார். "கடற்கரையில படுத்துக் கிடக்க மெக்சிகோ எதுக்குடே, மாயன் கோயில் ஏதாவது காட்டு" என்கிறார். அம்மாவுக்கு முட்டி வலி, வெயிலும் ஆகாது. மகளுக்கு ஒன்பது வயது, நீச்சல்குளத்தை விட்டு நகர்த்துவதே பாடு.

சிச்சென் இட்சா என்ற பெரிய மாயன் இடிபாட்டுக்குப் போய்வர முழுநாள் ஆகிவிடும், அம்மா தாங்கமாட்டார். ஓட்டலில் துலும் என்ற கடலோர மாயன் இடிபாட்டுக்கு அரைநாள் பஸ் டூர் இருக்கிறது: கைடு உண்டு, காலையில் கிளம்பி மதியச் சாப்பாட்டுக்குத் திரும்பிவிடலாமாம். இன்னொன்று துலும், கோபா என்ற இன்னொரு மாயன் ஊர், செனோட்டே (சுண்ணாம்புப் பாறை இடிந்து உண்டான நன்னீர்க் குளம்) குளியல், பஃபே எல்லாம் சேர்ந்த முழுநாள். விலையில் பெரிய வித்தியாசம் இல்லை என்பதால் வீட்டம்மா இரண்டாவதைப் பார்க்கிறாள். எது நல்லது? வாடகைக் கார் எடுத்தால் இன்னும் சுலபமா?

சித்ரா_ஹூஸ்டன்:

அரைநாளே எடுங்க. ஆனா மதியச் சாப்பாட்டுக்குத் திரும்பிடலாம்னு அவங்க சொல்றதை மட்டும் நம்பாதீங்க.

கான்குன்ல இருந்து துலும் 130 கிலோமீட்டர். 307-ம் நெடுஞ்சாலை நேர் ரோடுதான், நிக்காம போனா ரெண்டு மணி நேரத்துக்குள்ள போயிடலாம். பஸ் நிக்காம போகாதே! ஒவ்வொரு ரிசார்ட்டா ஆள் ஏத்தணும், அதுக்கே ஒரு மணி நேரம் போயிடும். வர்றப்பவும் அதே கதைதான். இடத்துல உங்களுக்குக் கிடைக்கிறது ஒன்றரைல இருந்து ரெண்டு மணி நேரம்.

அது போதும்ங்கிறதுதான் துலுமோட சௌகரியம். மதிலுக்குள்ள இருக்கிற இடம் தெற்கு வடக்கா 400 மீட்டர், கிழக்கு மேற்கா 170 மீட்டர், அவ்வளவுதான். கோபா அப்படி இல்ல. காட்டுக்குள்ள சிதறிக் கிடக்கிற பெரிய ஊர். ஒரு கட்டடத்துல இருந்து அடுத்ததுக்கு சைக்கிள்லயோ, ஆள் மிதிக்கிற வண்டியிலயோதான் போகணும். முட்டி வலியோட அம்மாவை அங்க கூட்டிட்டுப் போய், அப்புறம் செனோட்டே படிக்கட்டுல இறக்கி, ஈரத் துணியோட பஃபேக்கு வரிசையில நிக்க வைக்கிறது உங்களுக்கே நல்லா இருக்கா? விலை வித்தியாசம் கம்மின்னா கொடுக்கிறதும் கம்மின்னு அர்த்தம் தம்பி. முழுநாள் டூர்ல துலுமுக்கு ஒதுக்கறது பெரும்பாலும் ஒரு மணி நேரம்தான்.

தனிவழி:

டூரே வேண்டாம். கான்குன் பஸ் நிலையத்தில் ஏடிஓ பஸ் ஏறுங்கள். ஏசி, நல்ல சீட், நேரத்துக்குக் கிளம்புவான். கான்குனுக்கும் துலுமுக்கும் நடுவே உள்ள பிளாயா டெல் கார்மெனில் தங்கினால் இன்னும் எளிது. அங்கிருந்து 60 கிலோமீட்டர் சொச்சம்தான், ஷேர் வேன் ஓடிக்கொண்டே இருக்கும். கைடு வேண்டுமென்றால் வாசலிலேயே அரசு அடையாள அட்டை மாட்டியவர்கள் நிற்பார்கள், பேசி அமர்த்திக்கொள்ளலாம். உங்கள் ஐந்து பேருக்கு மட்டும் ஒரு ஆள். நாற்பது பேர் கூட்டத்தில் குடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நடக்கும் கைடு பின்னால் ஓட வேண்டாம்.

கைடே இல்லாவிட்டாலும் குடி முழுகிப் போகாது. எல்லாக் கட்டடத்துக்கும் முன்னால் பலகை இருக்கிறது.

கல்வெட்டுப்பித்தன்:

தனிவழி சொன்னதில் முதல் பாதி சரி. பலகை போதும் என்ற இரண்டாம் பாதியை ஒத்துக்கொள்ள முடியவில்லை. பலகையை மட்டும் நம்பிப் போனவர்கள் எல்லோரும் "கடல் சூப்பர், கல்லு சுமார்" என்றே திரும்பி வருகிறார்கள். துலும் கட்டடங்கள் பிரம்மாண்டமானவை அல்ல. எல் காஸ்தியோ என்கிற பிரதானக் கோயிலே ஏழு, எட்டு மீட்டர்தான். உயரத்தைத் தேடிப் போனால் ஏமாற்றம்தான் மிஞ்சும். அங்கே பார்க்க வேண்டியது ஒரு துறைமுகம் எப்படி வேலை செய்தது என்பதை.

முதலில் மதில். மூன்று பக்கம் கல் மதில், நாலாவது பக்கம் 12 மீட்டர் செங்குத்துப் பாறையும் கடலும். சில இடங்களில் மதில் எட்டு மீட்டர் கனம். உள்ளே போக ஐந்தே ஐந்து வாசல், ஒவ்வொன்றும் ஒரு ஆள் குனிந்து நுழையும் குகை மாதிரி. நிலத்துப் பக்க மூலைகளில் காவல் மேடைகள். உள்ளே குடியிருந்தவர்கள் பூசாரிகளும் பெரிய வீட்டுக்காரர்களும்; உழைக்கிற சனம் மதிலுக்கு வெளியே. இதைத் தெரிந்துகொண்டு அந்த வாசலில் குனிந்தால் சும்மா நுழைவதற்கும் அதற்கும் உள்ள வித்தியாசம் புரியும்.

அடுத்து எல் காஸ்தியோ. கடலோரக் கோயில் என்றதும் கடலைப் பார்த்து நிற்கும் என்று நினைப்போம். அது கடலுக்கு முதுகைக் காட்டி, மேற்கே ஊரைப் பார்த்து நிற்கிறது. பின்சுவரில் சின்னச் சின்னத் துளைகள் உண்டு. ராத்திரியில் அவற்றில் விளக்கு வைத்தால், பவளப்பாறைத் திட்டில் படகு நுழையும் இடைவெளி எங்கே என்று கடலில் வருகிறவனுக்குத் தெரியும் என்பது ஒரு கருத்து. கைடுகள் இதை முடிந்த முடிவாகச் சொல்வார்கள், நீங்கள் கருத்தாகவே எடுத்துக்கொள்ளுங்கள். ஆனால் பாறைத் திட்டு நிஜம். உலகத்தின் இரண்டாவது பெரிய பவளத் திட்டு அந்தக் கரையோரமாகத்தான் ஓடுகிறது. கோயிலுக்கு வடக்கே பாறை பிளந்து ஒரு குட்டி மணல் கடற்கரை இருக்கிறது பாருங்கள், வணிகப் படகுகள் கரையேறிய இடம் அது.

என்ன வணிகம்? குவாத்தமாலாவின் இஷ்டெபெக்கே எரிமலைப் பகுதியிலிருந்து கத்தி செய்ய எரிமலைக் கண்ணாடிக் கல், அங்கிருந்து ஏறக்குறைய 700 கிலோமீட்டர். இங்கிருந்து உப்பு, தேன், பருத்தித் துணி. 1502-ல் கொலம்பஸின் நாலாவது பயணத்தில் ஹோண்டுராஸ் பக்கம் இப்படி ஒரு பெரிய வணிகப் படகை அவர்கள் மறித்தார்கள். துணி, செப்புக் கோடாலி, கூடவே ஏதோ கொட்டைகள். அதில் ஒன்றிரண்டு கீழே விழுந்தபோது படகுக்காரர்கள் தங்கள் கண்ணே விழுந்தது போலப் பதறிக் குனிந்து பொறுக்கினார்கள் என்று கொலம்பஸின் மகன் எழுதி வைத்திருக்கிறான். அது கொக்கோ, அவர்களுடைய பணம். நம்ம ஆட்கள் துலும் போனால் இந்தக் கதையைச் சொல்லும் கைடு கிடைக்கவேண்டும். பலகையில் இது வராது.

பாபநாசத்தான் ஐயா, உங்கள் அப்பா வாத்தியார் என்கிறீர்கள். கைடு இல்லாமல் கூட்டிக்கொண்டு போனால் உங்களிடம்தான் கேள்வி கேட்பார். யோசித்துக்கொள்ளுங்கள்.

மாமல்லன்_மகன்:

எல்லாம் சரிண்ணே, "ஏன்ஷியன்ட் ரூயின்ஸ்"னு விக்கிறாங்களே, நம்ம கடற்கரைக் கோயிலை விடப் பழசா?

கல்வெட்டுப்பித்தன்:

இல்லை. மாமல்லபுரம் கடற்கரைக் கோயில் ராஜசிம்மன் காலம், 8-ம் நூற்றாண்டின் தொடக்கம். துலும் செழித்தது 13-லிருந்து 15-ம் நூற்றாண்டு வரை, நம் கணக்கில் பிற்காலப் பாண்டியர் தொடங்கி விஜயநகரம் வரை. கி.பி. 564 ஆண்டுக் குறிப்புள்ள ஒரு நடுகல் அங்கே கிடைத்தது, இப்போது பிரிட்டிஷ் மியூசியத்தில் இருக்கிறது. அது வேறு இடத்திலிருந்து பின்னால் கொண்டுவந்து நட்டதாக இருக்கலாம் என்பார்கள்.

வயது குறைவு என்பதே துலுமின் பெருமை. சிச்சென் இட்சாவின் பெரிய காலமெல்லாம் முடிந்து ரொம்ப நாள் கழித்து, ஸ்பானியர் வந்தபோதும் ஆள் நடமாட்டம் இருந்த ஊர் இது. 1518-ல் ஸ்பானியத் தளபதி கிரிஹால்வாவின் கப்பல்கள் இந்தக் கரையோரம் போனபோது கூட வந்த பாதிரியார், செவில் நகரத்துக்குக் குறையாத ஓர் ஊரைப் பார்த்ததாக எழுதினார். அது துலும்தான் என்பது பொதுவான கணிப்பு. மதிலுக்குள் ஆயிரம், ஆயிரத்தறுநூறு பேர் இருந்திருந்தால் அதிகம். கடலிலிருந்து பார்த்த கண்ணுக்கு அப்படித் தோன்றியிருக்கிறது. சுதை பூசி வர்ணம் அடித்த கட்டடங்கள் பாறை விளிம்பில் நின்றால் தோன்றத்தானே செய்யும்.

பர்ஸ்_காலி:

வரலாறு எல்லாம் ஓகே, கொஞ்சம் காசு பேசுவோம்.

புக் பண்ணும்போது "நுழைவுக் கட்டணம் சேர்த்தியா?" என்று கேட்காதீர்கள். "எந்தெந்தக் கட்டணம் சேர்த்தி?" என்று கேளுங்கள். இடிபாடுகளைச் சுற்றி இப்போது ஜாகுவார் தேசியப் பூங்கா வந்துவிட்டது. நான் போனபோது தொல்லியல் துறைக்குத் தனி, காப்பகத்துக்குத் தனி, பூங்காவுக்குத் தனி என்று பணம் வாங்கினார்கள். டூர் விலையில் ஒன்றுதான் சேர்த்தி, மீதிக்கு பெசோவில் ரொக்கம் எடு என்று பஸ்ஸுக்குள் மைக்கில் அறிவித்தார்கள். டாலர் கொடுத்தால் அவன் சொன்னதுதான் ரேட்.

அப்புறம் கடை நிறுத்தம். "பாத்ரூம் போக 10 நிமிடம்" என்று இறக்குவார்கள். உள்ளே வெள்ளி நகை, டெக்கீலா ருசி பார்த்தல், உங்கள் பிறந்த தேதியை மாயன் எழுத்தில் பொறித்த கழுத்துப் பதக்கம். சில டூரில் போகும்போதே அந்தப் பதக்கத்துக்குப் பஸ்ஸில் ஆர்டர் எடுத்துவிடுவார்கள், திரும்பும்போது டெலிவரி! புக் பண்ணும்போதே "ஷாப்பிங் ஸ்டாப் உண்டா" என்று எழுத்தில் கேளுங்கள். இல்லை என்று எழுதித் தருகிற டூர்களும் இருக்கின்றன, கொஞ்சம் விலை கூடும். அந்தக் காசு வீண் இல்லை.

வாசல் பக்கம் உயரக் கம்பத்தில் தலைகீழாகச் சுற்றி இறங்குகிற ஆட்டம் நடக்கும். அருமையான மாயன் ஆட்டம், காசு போட்டுவிட்டு வாருங்கள்.

கல்வெட்டுப்பித்தன்:

காசு போடுங்கள், அவர்கள் உயிரைக் கொடுத்து ஆடுகிறார்கள். ஆனால் மாயன் ஆட்டம் அல்ல. அது வெராக்ரூஸ் மாநிலத்துப் பப்பான்ட்லா ஊர், தொத்தோனாக் மக்களுடையது. 2009-ல் யுனெஸ்கோ பட்டியலில் ஏறியது. சுற்றுலாக் காசு இருக்கிற இடத்துக்கு ஆட்டக்காரர்கள் வந்திருக்கிறார்கள், அவ்வளவுதான்.

விண்வெளி_வேலு:

யாரும் முக்கியமான விஷயத்தைத் தொடவே இல்லையே. அங்க ஒரு கோயில் வாசலுக்கு மேல ஒரு உருவம், தலை கீழே, கால் மேலே, வானத்துல இருந்து இறங்கற மாதிரி. அது யாரு? ஏன் திடீர்னு மாயன்கள் மொத்தமா மறைஞ்சு போனாங்க? 2012-ல உலகம் முடியும்னு காலண்டர் எழுதுனவங்க சாதாரண ஆளுங்களா?

கல்வெட்டுப்பித்தன்:

வேலு, கோபப்படாமல் படியுங்கள்.

இறங்கும் கடவுள் துலுமில் ஒரே இடத்தில் மட்டும் இல்லை, பல வாசல்களுக்கு மேல் சுதையில் இருக்கிறது. தேனீக் கடவுள் என்பது ஒரு விளக்கம். தேனும் மெழுகும் ஏற்றுமதி செய்த ஊரில் அது பொருந்துகிறது. வெள்ளிக் கிரகம், மறையும் சூரியன் என்றும் சொல்கிறவர்கள் உண்டு. விண்கலம் தேவைப்படவில்லை.

2012 கணக்கு, ஒரு தொடக்க நாளிலிருந்து நாட்களை எண்ணிக்கொண்டே போகும் நீள் எண்ணிக்கை என்ற பழைய முறையில் வருவது. துலும் தலையெடுத்த காலத்தில் அந்த முறையே வழக்கொழிந்து, ஏறக்குறைய 256 ஆண்டுக்கு ஒருமுறை திரும்பிவரும் குறுங்கணக்குதான் இருந்தது. ஆக, துலும்காரன் உலகம் முடியும் தேதியைக் குறித்து வைத்திருக்க வாய்ப்பே இல்லை.

மறைந்து போனார்கள் என்பதுதான் எனக்குக் கோபம் வருகிற இடம். ஊர் காலியானது 16-ம் நூற்றாண்டின் கடைசியில், ஸ்பானியரோடு வந்த நோய்கள் பெரிய காரணம். மக்கள் எங்கும் போய்விடவில்லை. 1847-ல் யுகடான் மாயர்கள் எழுந்து நடத்திய போர் அரை நூற்றாண்டு நீடித்தது. அதன் நடுவே 1870-களில் மரியா உய்காப் என்ற பெண் பூசாரி இதே துலுமில், சிலுவை வழியே கடவுள் பேசுவதாக அந்தப் போராளிகள் நம்பிய பேசும் சிலுவை வழிபாட்டுக்குத் தலைமை தாங்கினார். இன்றைக்கும் மெக்சிகோவில் ஏழரை லட்சம் பேருக்கு மேல் யுகடான் மாய மொழி பேசுகிறார்கள். உங்கள் பஸ் டிரைவரே அந்த மொழிக்காரராக இருக்கலாம். "மறைந்த இனம்" என்று மைக்கில் சொல்கிற கைடு கிடைத்தால் காதைப் பொத்திக்கொண்டு கடலைப் பாருங்கள்.

விண்வெளி_வேலு:

சரி சார். தேனீ ஓகே. 😀

சித்ரா_ஹூஸ்டன்:

சண்டை முடிஞ்சுதா? அம்மா விஷயத்துக்கு வர்றேன்.

முதல்ல பார்க்கிங்ல இருந்து வாசல் வரைக்கும் தூரம். சின்ன ரயில் மாதிரி ஒரு வண்டி ஓடும், அதுல ஏத்திடுங்க. அதை "நடந்தே போயிடலாம்"னு தட்டிக் கழிக்கிற கைடு உண்டு. உள்ள பாதை சரளைக்கல்லும் மேடு பள்ளமுமா இருக்கும், செருப்பு வேண்டாம், ஷூ போட்டுவிடுங்க. கட்டடங்கள் மேல ஏற இப்போ யாரையும் விடறதில்ல, அதனால அம்மா ஏற முடியலைன்னு வருத்தப்பட ஒண்ணுமில்ல. மதில் வாசல்ல குனியணும், தலையைப் பார்த்துக்கச் சொல்லுங்க.

நிழல் ரொம்பக் கம்மி. 8 மணிக்குத் திறக்கும்போதே உள்ள நிக்கிற மாதிரி பஸ் இருந்தா எடுங்க. பத்தரைக்கு மேல கல்லும் கொதிக்கும், கூட்டமும் கொதிக்கும். டிசம்பர்ங்கறதால உங்களுக்குப் பரவாயில்ல. ஞாயித்துக்கிழமை உள்ளூர்க்காரங்களுக்கு இலவசம், அன்னைக்குப் போகாதீங்க.

சாப்பாடு: டூர்ல கொடுக்கிற பொட்டலம் பெரும்பாலும் ஹாம் சாண்ட்விச். சைவம்னு முன்னாடியே சொல்லியும் சீஸ் சாண்ட்விச்ல இருந்து ஹாமை உருவிக் கொடுத்தாங்க எங்களுக்கு. இட்லிப் பொடி தடவின சப்பாத்தி சுருள், பிஸ்கட், எலுமிச்சை ஜூஸ் கட்டிக்கோங்க.

இன்னொண்ணு, ரொம்ப முக்கியம். கைடு ஒரே மொழியிலயா, ஸ்பானிஷும் இங்கிலீஷும் மாறி மாறியான்னு கேளுங்க. ரெண்டு மொழின்னா பாதி நேரம் நீங்க சும்மா நிப்பீங்க. ஒன்றரை மணி நேரம் முக்கால் மணியாயிடும்.

தனிவழி:

இந்த மொழி விஷயம் மிகச் சரி. அதற்காகத்தான் வாசலில் தனி கைடு என்றேன். ஆனால் வயதானவர்கள், குழந்தை, ஏற்றி இறக்க ஆள் வேண்டும் என்றால் டூர் பஸ்ஸும் நியாயம்தான். வாடகைக் கார் மட்டும் வேண்டாம். இன்சூரன்ஸ் கவுன்டரிலேயே பாதி நாள் போய்விடும்.

பாபநாசத்தான்:

அனைவருக்கும் நன்றி. அரைநாள், ஆங்கிலம் மட்டும், கடை நிறுத்தம் இல்லை என்று எழுதித் தந்த ஒன்றை புக் செய்துவிட்டேன். 6:10-க்கு லாபியில் நிற்கச் சொல்கிறார்கள். இரண்டு சந்தேகம். பெற்றோருக்கு அமெரிக்க விசிட்டர் விசா இருக்கிறது, மெக்சிகோ விசா தனியாக வேண்டுமா? மகளை எப்படிச் சமாளிப்பது?

பர்ஸ்_காலி:

செல்லுபடியாகும் அமெரிக்க விசா பாஸ்போர்ட்டில் இருந்தால் மெக்சிகோவுக்குத் தனி விசா தேவையில்லை. ஐ-94 (அமெரிக்காவுக்குள் வந்ததற்கான பதிவு) தாளையும் எடுத்துக்கொள்ளுங்கள். கிளம்புமுன் தூதரகப் பக்கத்தை ஒரு தடவை பார்த்துவிடுங்கள்.

அதைவிட முக்கியம் கடிகாரம். கான்குன் இருக்கும் கின்டானா ரோ மாநிலம் 2015-லிருந்து தனி நேரம், வருடம் முழுக்க மாறாது. டிசம்பரில் டாலஸை விட ஒரு மணி நேரம் முன்னால். போன் ஏர்பிளேன் மோடில் டாலஸ் நேரமே காட்டிக்கொண்டிருந்தால் 6:10 பஸ் போய் ஒரு மணி நேரம் கழித்து லாபியில் நிற்பீர்கள்.

சித்ரா_ஹூஸ்டன்:

பாப்பாவுக்கு உடும்பு போதும்! அங்க ஒவ்வொரு கல் மேலயும் ஒரு இகுவானா வெயில் காயும். எண்ணச் சொல்லிடுங்க, சத்தமே வராது.

பாபநாசத்தான்:

போய் வந்துவிட்டோம். சுருக்கமாக எழுதுகிறேன்.

பஸ் 20 நிமிடம் தாமதம், நாலு ஓட்டல் சுற்றல், இருந்தாலும் எட்டரைக்கு உள்ளே இருந்தோம். கைடு நடுத்தர வயதுக்காரர், வீட்டில் மாய மொழி பேசுகிறவர். எங்கள் குழு இருபத்திச் சொச்சம் பேர், காதில் மாட்டும் ரேடியோ கொடுத்ததால் பின்னால் அம்மாவோடு மெதுவாக வந்தபோதும் பேச்சு கேட்டது. இந்த ரேடியோ உண்டா என்று கேட்பதையும் பட்டியலில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

அப்பா முதல் கேள்வியே "கடலோரப் பாறை மேல குடிதண்ணிக்கு என்ன பண்ணினான்?" கைடுக்கு அந்தக் கேள்வி பிடித்துவிட்டது. கூட்டத்தைத் திருப்பி வடக்கு மதிலோரம் செனோட்டே வீடு என்ற கட்டடத்துக்குக் கூட்டிப் போனார், அடியில் நன்னீர். அப்புறம் ஓவியக் கோயில். உள்ளே விடமாட்டார்கள், கம்பிக்கு வெளியிலிருந்தே பார்க்கவேண்டும். மூலைகளில் சுவரோடு சேர்ந்த பெரிய முகங்கள், இன்னும் கொஞ்சம் சிவப்பு ஒட்டிக்கொண்டிருக்கிறது. உள்சுவரில் நீலப்பச்சை ஓவியம். அதற்குப் பத்து நிமிடம் போதவில்லை, அதுதான் எனக்குக் குறை. படத்துக்காகப் போகிறவர்களுக்கு ஒன்று: காலையில் எல் காஸ்தியோவின் முகப்பு நிழலில் இருக்கும், சூரியன் அதன் பின்னால். காலை வெளிச்சத்துக்குக் கடல் பக்கமிருந்து எடுப்பதுதான் அழகு.

கடைசி அரைமணி சொந்த நேரம் என்றார்கள். கடற்கரைக்கு இறங்கும் மரப்படி அன்று மூடியிருந்தது, மகளுக்குக் கோபம். அம்மா ஒரு மர நிழலில் உட்கார்ந்துகொண்டார், வெயிலைப் பற்றிப் புகார் இல்லை, கடற்காற்று நன்றாக அடித்தது. மாயன் இடிபாடுகளைத் தேடி அலைந்த எழுத்தாளர் ஸ்டீபன்ஸ், ஓவியர் கேதர்வுட் இருவரும் 1842-ல் எல் காஸ்தியோவிலேயே தங்கி, கொசுக்கடி தாங்காமல் கிளம்பினார்கள் என்று கைடு சொன்னதும் அம்மா அப்பாவைப் பார்த்து "பாபநாசத்துல லாட்ஜு போட்டீங்களே, அதே மாதிரியா?" என்றார்.

எழுத்தில் தந்தும் திரும்பும் வழியில் ஒரு வெள்ளிக் கடையில் நிறுத்தினார்கள். காட்டினேன், டிரைவர் சிரித்தார், 25 நிமிடம் போனது. ஓட்டலுக்கு வந்தபோது மணி இரண்டு. என் கணக்கில் அரைநாள் சரியான அளவு. ஆனால் பிளாயாவில் தங்கியிருந்தால் இதையே பாதிக் களைப்பில் முடித்திருக்கலாம்.

கடலூர்_கௌரி:

நல்ல இழை. நாங்கள் மே மாதம் கப்பலில் கொசுமெல் வருகிறோம், கரையில் ஏழு மணி நேரம்தான். கப்பல் கம்பெனி துலும் டூர் விற்கிறது. எடுக்கலாமா?

தனிவழி:

ஏழு மணி நேரத்துக்கு எடுக்காதீர்கள். கொசுமெல் தீவு. படகில் பிளாயாவுக்கு முக்கால் மணி, அங்கிருந்து பஸ் ஒரு மணி, இரண்டையும் திரும்பிச் செய்யவேண்டும். காற்று அடித்தால் படகில் பாதிப் பேர் கவரைத் தேடுவார்கள். மே மாதம் சர்காசம் பாசியும் கரையில் ஒதுங்கும் சீசன், படத்தில் பார்க்கிற நீலக் கடல் பழுப்பாக இருக்கலாம்.

பிடிவாதமாகப் போவதென்றால் கப்பல் மூலமே புக் செய்யுங்கள், டூர் தாமதமானால் அவர்கள் பொறுப்பு. வெளியே புக் செய்து தாமதமானால் கப்பல் நிற்காது. கப்பல் கடிகாரமும் தீவுக் கடிகாரமும் ஒன்றா என்றும் பாருங்கள்.

கல்வெட்டுப்பித்தன்:

கௌரி அவர்களே, கொசுமெல்லிலேயே சான் ஹெர்வாசியோ என்ற மாயன் இடிபாடு இருக்கிறது. கடல் தெரியாது, காட்டுக்குள் சின்னச் சின்னக் கட்டடங்கள். ஆனால் துலும் கரையிலிருந்தும் அதற்கு அப்பாலிருந்தும் பெண்கள் படகேறி வந்து இஷ்செல் தெய்வத்திடம் பிள்ளை வரம் கேட்ட தீவு அது. 1519-ல் ஸ்பானியத் தளபதி கோர்தேஸ் வந்து சிலைகளை உடைத்ததும் அந்தத் தீவில்தான். துறைமுகத்திலிருந்து டாக்சி, வாசலில் கைடு, அங்கே ஒரு மணி நேரம் போதும். கொசு மருந்து தடவிக்கொண்டு போங்கள்.